வரலாற்று ஆய்வு நூல்களுக்கு விக்கிப்பீடியாவில் கட்டுரை: பெங்களூரில் கூடி எழுத வருபவர்களுக்கு ஒரு வழிகாட்டி

தமிழ் விக்கிப்பீடியாவில் சோழ அரசர்களுக்குக் கட்டுரை இருக்கிறது, கோயில்களுக்கு இருக்கிறது, சில கல்வெட்டுகளுக்குக்கூட இருக்கிறது. அவற்றைப் பற்றி நமக்குத் தெரிந்தது எந்த ஆய்வு நூல்கள் வழியாக வந்ததோ, அந்த நூல்களைப் பற்றிய கட்டுரைகள்தான் மெலிந்து கிடக்கின்றன. பல கட்டுரைகளில் நூலின் பெயர், ஆசிரியர், பதிப்பகம், அதன்பின் "இந்நூல் தென்னிந்திய வரலாற்றை விரிவாக ஆராய்கிறது" என்று ஒரு வாக்கியம், அவ்வளவுதான். நூல் என்ன வாதத்தை வைக்கிறது, அந்த வாதத்தை மற்ற ஆய்வாளர்கள் ஏற்றார்களா மறுத்தார்களா என்ற இரண்டு கேள்விக்கும் அங்கே பதில் கிடைக்காது. இந்த இரண்டுக்கும் பக்க எண்ணோடு பதில் சொன்னால் கட்டுரையின் முக்கால்வாசி வேலை முடிந்தது.

தனியாக ஒருவர் செய்தால் மாதக்கணக்கில் இழுக்கும் வேலை இது. ஐந்தாறு பேர் சேர்ந்தால் இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு நூலை முடிக்கலாம். எப்படிப் பிரித்துக்கொள்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

எந்த நூலை எடுப்பது

ஆசிரியருக்கோ பதிப்பகத்துக்கோ தொடர்பில்லாதவர்கள் எழுதிய மதிப்புரைகள் குறைந்தது இரண்டு இருக்க வேண்டும். வெறும் அறிமுகக் குறிப்பு போதாது. நூலின் வாதத்தோடு மோதிப் பார்க்கிற மதிப்புரை வேண்டும். இது இல்லாத நூலுக்குக் கட்டுரை தொடங்கினால் குறிப்பிடத்தக்கமை, அதாவது தனிக் கட்டுரைக்குத் தகுதி உண்டா என்ற கேள்வி எழும், நீக்கப் பரிந்துரைக்கும் வார்ப்புரு (அறிவிப்புப் பெட்டி) வந்து உட்காரும். நூல் எவ்வளவு நல்லது என்று பேச்சுப் பக்கத்தில் (கட்டுரையைப் பற்றி விவாதிக்கும் பக்கம்) வாதாடிப் பயனில்லை. பிறர் அதைப் பற்றி என்ன எழுதினார்கள் என்று காட்டினால்தான் கட்டுரை நிற்கும்.

புதியவர்கள் புதுக் கட்டுரை தொடங்குவதைவிட ஏற்கெனவே இருக்கும் குறுங்கட்டுரையை எடுத்து வளர்ப்பது நல்லது. தலைப்பு, பகுப்பு, பிறமொழி இணைப்பு எல்லாம் தயாராக இருக்கும். நீங்கள் உள்ளடக்கத்தில் மட்டும் கவனம் வைக்கலாம். நண்பர் எழுதி போன மாதம் வெளியான நூலைத் தொட வேண்டாம். கல்விசார் மதிப்புரைகள் நூல் வந்து ஒன்று முதல் நான்கு ஆண்டுகள் கழித்தே பெரும்பாலும் வெளியாகும். அதற்கு முன் எழுதினால் கையில் இருப்பது பின்னட்டைப் புகழ்ச்சி மட்டுமே.

இந்த வழிகாட்டி முழுவதும் எடுத்துக்காட்டாக ஒரே நூலை வைத்துக்கொள்வோம். பர்ட்டன் ஸ்டெயின் 1980-ல் ஆக்ஸ்போர்டு யுனிவர்சிட்டி பிரஸ் வழியாக வெளியிட்ட 'பெசன்ட் ஸ்டேட் அண்ட் சொசைட்டி இன் மெடீவல் சவுத் இந்தியா'. சோழர் அரசு எப்படிப்பட்டது என்ற விவாதத்தை இந்த நூல் தலைகீழாகத் திருப்பிப் போட்டது. மதிப்புரை பஞ்சமில்லை, எதிர்ப்பும் பஞ்சமில்லை. பழகுவதற்கு இப்படிப்பட்ட நூல்தான் ஏற்றது.

கூடுவதற்கு முன்

கணக்கை வீட்டிலேயே தொடங்கிவிட்டு வாருங்கள். ஒரே இணைய முகவரியிலிருந்து ஒரு நாளில் 6 கணக்குகள்தாம் தொடங்க முடியும். பத்துப் பேர் ஒரே வைஃபையில் உட்கார்ந்து ஒரே நேரத்தில் கணக்குத் தொடங்கினால் ஏழாவது ஆளிலிருந்து பிழைச் செய்தி வரும், முற்பகல் அதிலேயே போய்விடும். சொந்தப் பெயர் கட்டாயமில்லை. ஆனால் சங்கத்தின் பெயரிலோ கல்லூரித் துறையின் பெயரிலோ ஒரே கணக்கு வைத்து எல்லோரும் எழுதுவது விதிக்குப் புறம்பு. ஒரு கணக்குக்கு ஒரே ஆள்தான். புதிதாகத் தொடங்கிய கணக்குக்குப் படம் பதிவேற்றுவது, தலைப்பை மாற்றுவது போன்ற வசதிகள் சில நாள் கழித்தே திறக்கும் என்பதால் ஒரு வாரம் முன்னாலேயே தொடங்குவது உத்தமம்.

மடிக்கணினியில் தமிழ் விசைப்பலகை இல்லாவிட்டால் கவலை வேண்டாம். விக்கிப்பீடியாவின் தொகுப்புப் பெட்டிக்குள்ளேயே தமிழ்99, எழுத்துப்பெயர்ப்பு இரண்டும் உண்டு. கண்ட்ரோல் விசையையும் எம் விசையையும் சேர்த்து அழுத்தினால் தமிழுக்கும் ஆங்கிலத்துக்கும் மாறலாம். கைபேசியில் எழுதலாம்தான், ஆனால் அடிக்குறிப்புகள் நிறைந்த பத்தியைக் கைபேசியில் திருத்தினால் ஏதாவது ஒரு அடைப்புக்குறி விழுந்து பக்கமே சிதையும். கைபேசி வைத்திருப்பவருக்கு நூல் தேடும் வேலையைக் கொடுங்கள்.

ஆதாரம் திரட்டுவது

பெங்களூரில் இருப்பவர்களுக்குக் கொஞ்சம் அதிர்ஷ்டம் அதிகம். கப்பன் பூங்காவில் சேஷாத்ரி ஐயர் நினைவு மண்டபத்தில் மாநில மத்திய நூலகம் இருக்கிறது. நிருபதுங்கா சாலையில் 1909-ல் தொடங்கிய மிதிக் சொசைட்டி இருக்கிறது. அதன் காலாண்டிதழின் பழைய தொகுதிகளில் தென்னிந்திய வரலாற்று நூல்களுக்கான மதிப்புரைகளும் கிடைக்கும். பசவனகுடியில் உலகப் பண்பாட்டு நிறுவனத்தின் நூலகம், அல்சூர் ஏரிப் பக்கம் பெங்களூர்த் தமிழ்ச் சங்கம், இந்திய வரலாற்று ஆராய்ச்சிக் கழகத்தின் தென்மண்டல மையம். ஒவ்வொன்றுக்கும் உறுப்பினர் விதி வேறு என்பதால் போகும் முன் தொலைபேசியில் கேட்டுவிடுங்கள். பழைய பதிப்பு வேண்டுமென்றால் சர்ச் ஸ்ட்ரீட், அவென்யூ ரோடு பழைய புத்தகக் கடைகளையும் ஒரு சுற்றுப் பார்க்கலாம்.

நூலகத்துக்குப் போனவர் மூன்று பக்கங்களைத் தவறாமல் குறித்துக்கொண்டு வர வேண்டும்: தலைப்புப் பக்கம், அதன் பின்பக்கத்தில் இருக்கும் பதிப்பு விவரம், பொருளடக்கம். இரண்டாவதைத்தான் எல்லோரும் மறப்பார்கள். அதில்தான் முதற்பதிப்பு எந்த ஆண்டு, கையில் இருப்பது மறுஅச்சா திருத்திய பதிப்பா என்பது இருக்கும். இதைக் கோட்டைவிட்டால் பிறகு எடுக்கும் பக்க எண் அத்தனையும் சந்தேகத்துக்கு உரியதாகிவிடும். நீலகண்ட சாஸ்திரியின் சோழர் நூலைப் பாருங்கள். சென்னைப் பல்கலைக்கழகம் அதன் முதல் தொகுதியை 1935-லும் அடுத்ததை 1937-லும் வெளியிட்டது. திருத்திய இரண்டாம் பதிப்பு 1955-ல் வந்தது. தமிழில் 'சோழர்கள்' என்ற மொழிபெயர்ப்பும் இருக்கிறது. "சாஸ்திரி, ப. 450" என்று மட்டும் எழுதினால் எந்தப் பதிப்பின் 450-ஆம் பக்கம் என்று எவராலும் சரிபார்க்க முடியாது.

மதிப்புரைகளைத் தேட ஒரு எளிய வழி உண்டு. ஆய்விதழ்களில் மதிப்புரைக்குத் தனித் தலைப்பு பெரும்பாலும் இருக்காது. நூலின் பெயரே தலைப்பாக நிற்கும். ஆகவே நூற்பெயரை இரட்டை மேற்கோள்குறிக்குள் இட்டு, வெளியான ஆண்டிலிருந்து ஐந்து ஆண்டுகளுக்குள் வடிகட்டித் தேடுங்கள். ஸ்டெயின் நூலென்றால் 1980 முதல் 1985 வரை. ஜேஸ்டோர் என்னும் ஆய்விதழ்த் தளத்தில் இலவசக் கணக்கு தொடங்கினால் மாதம் 100 கட்டுரைகள் வரை இணையத்திலேயே படிக்கலாம், பதிவிறக்கம்தான் கிடையாது. விக்கிப்பீடியாவில் 500 தொகுப்புகள் (திருத்தங்கள்) முடித்து, கணக்குக்கு 6 மாதம் ஆகி, கடைசி 30 நாளில் 10 தொகுப்பாவது செய்திருப்பவருக்கு விக்கிப்பீடியா நூலகம் என்ற வசதி திறக்கும். பெரும் ஆய்விதழ்த் தொகுப்புகளை அதன் வழியே கட்டணமின்றிப் படிக்கலாம். குழுவில் அப்படி ஒரு பழைய ஆள் இருந்தால் மதிப்புரை தேடும் பொறுப்பு அவருக்குத்தான்.

எவற்றை ஆதாரமாக எடுக்கக் கூடாது என்பதும் முக்கியம். பின்னட்டை வாசகம், பதிப்பகத்தின் பட்டியல், இணையக் கடையில் வாசகர் இடும் நட்சத்திரம், வெளியீட்டு விழா உரை, இன்னொரு விக்கிப்பீடியாக் கட்டுரை ஆகிய எதுவும் வரவேற்புப் பகுதிக்கு, அதாவது நூலைப் பிறர் எப்படி எடைபோட்டார்கள் என்று சொல்லும் பகுதிக்கு ஆகாது.

வேலையைப் பிரிப்பது

பெரும்பாலான குழுக்கள் முதல் நாளே "நீ உள்ளடக்கம் எழுது, நான் வரவேற்பு எழுதுகிறேன், அவர் ஆசிரியர் குறிப்பு" என்று தலைப்பு வாரியாகப் பிரித்துக்கொள்வார்கள். பார்க்க ஒழுங்காக இருக்கும், நடக்காது. வரவேற்புப் பகுதி எழுதுகிறவர் எல்லா மதிப்புரைகளையும் படித்தாக வேண்டும். உள்ளடக்கம் எழுதுகிறவர் 500 பக்க நூல் முழுவதையும் படித்தாக வேண்டும். இருவரும் பாதியில் விட்டுவிடுவார்கள். ஆசிரியர் குறிப்பு மட்டும் முடிந்து, அது கட்டுரையின் பாதியை அடைத்துக்கொண்டு நிற்கும்.

ஆதாரத்தின்படி பிரியுங்கள். ஒருவருக்கு ஒரு மதிப்புரை. மதிப்புரை பொதுவாக இரண்டு மூன்று பக்கம், நீண்ட மதிப்புரைக் கட்டுரையென்றால் பதினைந்து இருபது பக்கம். அதை அவர் இரண்டு முறை நிதானமாகப் படிக்கட்டும். நூலை அத்தியாய வாரியாக வேறு இருவர் பங்கிட்டுக்கொள்ளட்டும். ஒவ்வொருவரும் பொதுக் கோப்பு ஒன்றில் நான்கு விவரங்களை எழுத வேண்டும்: என்ன சொல்லப்பட்டிருக்கிறது என்று தம் சொந்தச் சொற்களில் ஒரு வாக்கியம், யார் சொன்னது, எந்தப் பக்கம், கட்டுரையின் எந்தப் பகுதிக்கு அது போகும். பக்க எண் இல்லாத குறிப்பைக் கோப்பில் ஏற்றவே கூடாது. பிறகு போட்டுக்கொள்ளலாம் என்று விட்ட பக்க எண் ஒருநாளும் வராது, ஏனென்றால் அதற்குள் நூல் நூலகத்துக்குத் திரும்பியிருக்கும்.

இப்படிச் செய்தால் யாருக்கும் எல்லாவற்றையும் படிக்கும் சுமை இல்லை. ஆனால் எழுதப்பட்ட ஒவ்வொரு வரியையும் மூலத்தோடு ஒட்டிப் படித்த ஒருவர் குழுவில் இருப்பார். கடைசியில் ஒரே ஒருவர் குறிப்புகளைக் கோத்துப் பத்தியாக்குகிறார். நடை ஒன்றாக இருக்க அதுதான் வழி. அவர் கோத்ததைக் குறிப்பெழுதிய ஒவ்வொருவரும் தம் மூலத்தோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். இந்தச் சுற்றைத் தவிர்த்தால் "ஓரளவு ஏற்கத்தக்கது" என்று மதிப்புரையாளர் சொன்னது கட்டுரையில் "பெரிதும் பாராட்டினார்" என்று வந்து நிற்கும்.

தொகுக்கத் தொடங்கும் முன் கட்டுரையின் பேச்சுப் பக்கத்தில் இரண்டு வரி எழுதுங்கள்: எந்தக் குழு, எந்த நூல், எந்த ஆதாரங்கள், எவ்வளவு நாள். கடைசியில் நான்கு அலைக்குறி இட்டால் உங்கள் பெயரும் நேரமும் தானாக விழும். ஒரே நாளில் நான்கு புதுக் கணக்குகள் ஒரு பக்கத்தில் குவிந்தால் விளம்பர வேலையோ என்று பிறர் சந்தேகிப்பது இயல்பு. இந்த இரண்டு வரி அதைத் தீர்க்கும்.

நூலின் வாதத்தை எழுதுவது

இங்கேதான் புதியவர்கள் அதிகம் தடுக்கி விழுகிறார்கள். ஒரு பத்தியை எடுத்துப் பார்ப்போம்.

"சோழ அரசு மையப்படுத்தப்பட்ட அரசு அல்ல. உண்மையான அதிகாரம் நாடுகளிடம் இருந்தது. அரசனுக்குச் சடங்கு சார்ந்த முதன்மை மட்டுமே இருந்தது. இந்தப் புரட்சிகரமான கண்டுபிடிப்பு வரலாற்று உலகையே உலுக்கியது."

முதல் மூன்று வாக்கியமும் ஸ்டெயினின் வாதம். ஆனால் விக்கிப்பீடியாவே அதை உண்மை என்று அறிவிப்பதுபோல இருக்கிறது. நான்காவது யாருடைய கருத்தும் அல்ல, எழுதியவரின் உற்சாகம். இதையே இப்படி எழுதலாம்:

"சோழ அரசை அதிகாரிகளைக் கொண்டு மையத்திலிருந்து ஆண்ட அரசாகப் பார்த்த முந்தைய விளக்கத்தை ஸ்டெயின் மறுக்கிறார். அவருடைய வாதப்படி, வேளாண் சமூகத்தின் நடைமுறை அதிகாரம் நாடு என்னும் வட்டார அமைப்பிடம் இருந்தது. மையப் பகுதிக்கு வெளியே அரசனின் மேலாண்மை பெரிதும் சடங்கு சார்ந்ததாகவே இருந்தது. கூறுநிலை அரசு என்னும் இந்தச் சட்டகத்தை, கிழக்கு ஆப்பிரிக்காவின் அலூர் மக்களைப் பற்றி ஏடன் சவுத்தால் செய்த ஆய்விலிருந்து அவர் எடுத்துக்கொண்டார்."

ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் பக்க எண்ணோடு அடிக்குறிப்பு. இப்போது யார் சொல்கிறார், எதை மறுத்துச் சொல்கிறார், கருவி எங்கிருந்து வந்தது என்ற மூன்றும் படிப்பவருக்குத் தெரிகிறது.

தமிழில் எழுதும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும். நம் வாக்கியத்தில் "என்று ஸ்டெயின் கூறுகிறார்" என்பது கடைசியில்தான் வரும். நான்கு வரி நீளமுள்ள வாக்கியத்தில் மூன்றரை வரி வரைக்கும் படிப்பவர் அதை உண்மையாகவே படித்துக்கொண்டு போவார். அதனால் சொன்னவரின் பெயரை முன்னால் கொண்டுவாருங்கள்: "ஸ்டெயினின் பார்வையில்", "அவருடைய வாதப்படி". வாக்கியத்தையும் சுருக்குங்கள். பத்தி முழுவதற்கும் ஒரே ஒரு "என்கிறார்" போட்டுவிட்டு நகர்ந்தால் அடுத்து வருகிறவர் நடுவில் ஒரு வாக்கியம் சேர்ப்பார், உறவு அறுந்துவிடும்.

நூல் என்ன சொல்கிறது என்பதற்கு நூலையே ஆதாரமாகக் காட்டலாம், சுருக்கிச் சொல்லும் வரை. நூலின் முக்கியத்துவம் என்ன, அது சரியா தவறா என்பதற்கு நூலைக் காட்டக் கூடாது. அதற்குப் பிறர் எழுதியது வேண்டும்.

நம் ஊரில் இன்னொரு ஈர்ப்பும் உண்டு. தொம்மலூர் சொக்கநாதர் கோயிலில் தமிழ்க் கல்வெட்டுகள் இருக்கின்றன. கோலார் மாவட்டத்துத் தமிழ்க் கல்வெட்டுகளை லூயிஸ் ரைஸ் எபிகிராஃபியா கர்நாடிகாவின் பத்தாம் தொகுதியில் தந்திருக்கிறார். அவற்றைப் படிக்கத் தெரிந்தவர்கள் நம் கூட்டங்களுக்கு வருகிறார்கள். "இந்தக் கல்வெட்டில் சோழ அதிகாரியின் பெயர் தெளிவாக இருக்கிறதே, ஸ்டெயின் சொன்னது தவறு" என்று கட்டுரையில் எழுதக் கை பரபரக்கும். எழுதக் கூடாது. அது சொந்த ஆய்வு. நீங்கள் சொல்வது சரியாகவே இருக்கலாம். ஆய்விதழில் எழுதுங்கள், அது வெளியான பின் வேறொருவர் அதைக் கட்டுரையில் சேர்ப்பார். அதே கருத்தை அச்சில் சொன்ன ஆய்வாளர் ஏற்கெனவே இருக்கிறாரா என்று தேடுவதுதான் கூட்டத்தில் செய்யத் தக்க வேலை. இருக்கிறார்கள்: நொபொரு கராஷிமாவும் எ. சுப்பராயலுவும் கல்வெட்டுகளில் வரும் அதிகாரிப் பெயர்களையும் வரிச்சொற்களையும் எண்ணிப் பகுத்து, சோழ அரசின் பிடி ஸ்டெயின் சொன்னதைவிட வலுவானது என்று காட்டினார்கள்.

வரவேற்புப் பகுதி

"அ பாராட்டினார். ஆ விமர்சித்தார். இ பாராட்டினார்" என்று ஆள் வாரியாக வரிசைப்படுத்துவது எளிது; படிப்பவருக்கு அதனால் எதுவும் விளங்காது. பிரச்சினை வாரியாக அடுக்குங்கள். ஸ்டெயின் நூலுக்கு இயல்பாகவே இரண்டு மூன்று முடிச்சுகள் கிடைக்கும்: கல்வெட்டில் வரும் அதிகாரிகளை எப்படி விளக்குவது, ஆப்பிரிக்கச் சமூகத்துக்குச் செய்த சட்டகம் தென்னிந்தியாவுக்குப் பொருந்துமா, நாடு என்பது பல நூற்றாண்டுகள் மாறாமலே இருந்ததா. ஒவ்வொன்றின்கீழும் யார் என்ன சொன்னார் என்று ஆண்டோடு எழுதுங்கள். ஆர். சம்பகலட்சுமி இந்த நூலுக்கு எழுதிய நீண்ட மதிப்புரைக் கட்டுரை 1981-ல் இந்தியன் எகனாமிக் அண்ட் சோஷியல் ஹிஸ்டரி ரிவ்யூ இதழில் வந்தது. அப்படிப்பட்ட கட்டுரைக்கு ஒரு பத்தி கொடுக்கலாம்; ஒரு பக்க மதிப்புரைக்கு ஒரு வாக்கியம் போதும். எடை ஆதாரத்தின் எடையைப் பொறுத்தது, நமக்குப் பிடித்ததைப் பொறுத்தது அல்ல.

நேர் மேற்கோள்களைக் குறையுங்கள். ஆங்கில மதிப்புரையின் வாக்கியத்தைத் தமிழாக்கி மேற்கோள்குறிக்குள் இட்டால் அது அவர் சொன்ன சொல்லும் அல்ல, நம் சொல்லும் அல்ல. சாரத்தைச் சொல்லிப் பக்க எண் கொடுப்பது நேர்மையானது.

"டாக்டர்", "பேராசிரியர்", "ஐயா", "அவர்கள்" எதுவும் வேண்டாம். "எழுதினார்", "வாதிடுகிறார்" என்ற வினைமுற்றே மரியாதைக்குப் போதும். "ஈடு இணையற்ற", "மைல்கல்", "பொக்கிஷம்", "அனைவரும் படிக்க வேண்டிய" ஆகியவை கண்ணில் பட்டால் நீக்குங்கள். கிரந்த எழுத்து வைப்பதா தவிர்ப்பதா என்பதில், ஏற்கெனவே கட்டுரையில் எது இருக்கிறதோ அதையே தொடருங்கள். அதற்காகச் சண்டை போட்ட நேரத்தில் இரண்டு மதிப்புரை படித்திருக்கலாம்.

அடிக்குறிப்பு இடும் முறை

காட்சித் தொகுப்பியில் மேற்கோள் பொத்தானை அழுத்தி ஐஎஸ்பிஎன் (நூலின் அடையாள எண்) அல்லது டிஓஐ (ஆய்விதழ்க் கட்டுரையின் அடையாள எண்) இட்டால் விவரங்கள் தானாக நிரம்பும். நம்பி அப்படியே விடாதீர்கள். மூன்று இடங்களில் அது வழக்கமாகப் பிழைக்கும்.

முதலாவது, ஆண்டு. 1970-க்கு முந்தைய நூல்களுக்கு ஐஎஸ்பிஎன் கிடையாது. மறுஅச்சின் எண்ணை இட்டால் 1935-ல் வந்த நூல் 2000-க்குப் பின் வந்ததாகக் காட்டும். மூலப் பதிப்பாண்டுக்கென்று வார்ப்புருவில் தனிப் புலம் உண்டு, அதை நிரப்புங்கள். ஐஎஸ்பிஎன் இல்லாத நூலுக்கு வேர்ல்டுகேட் தளத்தில் கிடைக்கும் ஓசிஎல்சி எண்ணைத் தரலாம்.

இரண்டாவது, பெயர். நம் பெயர்களைக் குடும்பப் பெயர், முதற்பெயர் என்று உடைத்தால் "சுப்பராயலு" முதற்பெயராகவும் "எ." குடும்பப் பெயராகவும் போய் விழும். இரண்டு புலங்களையும் விட்டுவிட்டு, ஆசிரியர் என்ற ஒரே புலத்தில் முழுப் பெயரையும் எழுதுங்கள்.

மூன்றாவது, மதிப்புரையின் ஆசிரியர். தானியங்கி சில நேரம் மதிப்புரையாளரை விட்டுவிட்டு நூலாசிரியரின் பெயரை இட்டுவிடும். ஸ்டெயின் நூலை ஸ்டெயினே மதிப்பிட்டதாக அடிக்குறிப்பு வந்து நிற்கும்.

ஒரே நூலைப் பல பக்கங்களில் மேற்கோள் காட்டும்போது ஒவ்வொரு முறையும் முழு விவரம் எழுத வேண்டாம். முழு விவரத்தை ஒருமுறை நூற்பட்டியலில் தந்துவிட்டு, அடிக்குறிப்பில் பெயர், ஆண்டு, பக்கம் மட்டும் வரும் சுருக்க மேற்கோள் வார்ப்புருவைப் பயன்படுத்துங்கள். இதில் ஆண்டும் பெயரும் இரண்டு இடத்திலும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும். பட்டியலில் "ஸ்டெயின்", அடிக்குறிப்பில் "ஸ்டைன்" என்று இருந்தால் சொடுக்கும்போது எங்கும் போகாது. பதிப்பிட்ட பின் ஒவ்வொரு சுருக்க மேற்கோளையும் ஒருமுறை சொடுக்கிச் சோதியுங்கள்.

ஆங்கிலக் கட்டுரையிலிருந்து மொழிபெயர்ப்பதென்றால்

செய்யலாம். உரிமம் இடம்கொடுக்கிறது. ஆனால் தொகுப்புச் சுருக்கத்தில் எந்த ஆங்கிலக் கட்டுரையிலிருந்து எடுத்தது என்று இணைப்போடு எழுத வேண்டும். அது உரிமத்தின் நிபந்தனை. ஆங்கிலக் கட்டுரையில் இருக்கும் அடிக்குறிப்பை நீங்கள் பார்க்காமல் அப்படியே தூக்கி வைத்தால், அங்கே இருக்கும் பிழைக்கு இங்கே நீங்கள் பொறுப்பு. குறைந்தது முக்கியமான நான்கைந்தையாவது மூலத்தில் திறந்து பாருங்கள். இயந்திர மொழிபெயர்ப்பில் முதலில் காணாமல் போவது "யார் சொன்னது" என்பதுதான்; எழுவாயை விழுங்கிவிட்டு வாதத்தை மட்டும் தரும். செயற்கை நுண்ணறிவுச் செயலிகள் மதிப்புரைகளைப் பட்டியலிட்டுத் தரும்போது இல்லாத கட்டுரைக்குத் தொகுதி எண்ணும் பக்க எண்ணும் சேர்த்துத் தந்துவிடும், பார்க்க அச்சு அசலாக இருக்கும். கண்ணால் பார்க்காத ஆதாரம் எதுவும் கட்டுரைக்குள் வரக் கூடாது.

அட்டைப்படம், பகுப்பு, விக்கித்தரவு

அட்டைப்படம் காப்புரிமைக்கு உட்பட்டதென்றால் பொதுவகம் என்னும் விக்கிமீடியாவின் படக் களஞ்சியத்தில் ஏற்றக் கூடாது, நீக்கிவிடுவார்கள். தமிழ் விக்கிப்பீடியாவிலேயே நியாயப் பயன்பாட்டுக் காரணத்தோடு ஏற்றலாம். 300 பிக்சல் அகலம் போதும். அந்த நூலின் கட்டுரையில் மட்டுமே அது இருக்க வேண்டும். மணல்தொட்டி என்னும் எழுதிப் பழகும் பக்கத்திலோ ஆசிரியரின் கட்டுரையிலோ வைக்க இடமில்லை. இந்தியாவில் காப்புரிமை ஆசிரியர் இறந்து 60 ஆண்டுகள் வரை. நீலகண்ட சாஸ்திரி 1975-ல் மறைந்தார் என்பதால் 2035 முடியும் வரை அவருடைய நூல்களிலிருந்து பக்கம் பக்கமாக எடுத்துப் போட முடியாது.

பகுப்பு இரண்டு மூன்று போதும். விக்கித்தரவு என்னும் தரவுத்தளத்தில் நூலுக்கு ஒரு உருப்படி, அதன் குறிப்பிட்ட பதிப்புக்கு வேறொரு உருப்படி. ஐஎஸ்பிஎன் பதிப்பு உருப்படிக்குப் போக வேண்டும்.

யாராவது மீளமைத்தால்

மீளமைப்பார்கள், அதாவது உங்கள் மாற்றத்தை நீக்கிப் பழைய வடிவத்துக்குத் திருப்புவார்கள். வரலாறு தாவலைத் திறந்து தொகுப்புச் சுருக்கத்தைப் படியுங்கள். பெரும்பாலும் காரணம் அங்கேயே இருக்கும். சான்று இல்லை என்றால் சான்றோடு மறுபடி சேருங்கள். காரணம் புரியாவிட்டால் பேச்சுப் பக்கத்தில் கேளுங்கள், ஒரு நாள் காத்திருங்கள். 24 மணி நேரத்துக்குள் ஒரே பக்கத்தில் மூன்று முறைக்கு மேல் மாற்றி மாற்றி மீளமைத்தால் தொகுப்புப் போர் என்று கணக்கு தடைக்குள்ளாகும். குழுவாக வந்தவர்கள் இதில் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். உங்கள் தொகுப்பு மீளமைக்கப்பட்டதும் பக்கத்து நாற்காலிக்காரர் அதைத் திரும்பப் போட்டால் ஆள் சேர்த்துச் சண்டை போடுவதாகவே படும். பொதுவான சந்தேகமென்றால் ஆலமரத்தடி என்னும் பொது உரையாடல் பக்கத்தில் கேட்கலாம். பொறுமையாகப் பதில் சொல்லும் பழைய பயனர்கள் அங்கே இருக்கிறார்கள்.

குழுவுக்குள்ளேயே இடிப்பது தொகுத்தல் முரண். இருவர் ஒரே பகுதியைத் திறந்து எழுதினால் பின்னால் பதிப்பிடுகிறவரின் எழுத்து தொங்கலில் நிற்கும். முழுப் பக்கத்தைத் திறக்காமல் பகுதிக்குரிய தொகு பொத்தானை அழுத்துவது, பதினைந்து நிமிடத்துக்கு ஒருமுறை பதிப்பிடுவது, யார் எந்தப் பகுதியில் இருக்கிறார் என்று வாய்விட்டுச் சொல்வது ஆகிய மூன்றும் போதும். நீண்ட பத்தியை முதலில் மணல்தொட்டியில் எழுதிவிட்டுக் கட்டுரையில் ஒட்டினால் இந்தத் தொல்லையே இல்லை.

கூட்டம் கலையும் முன்

கட்டுரையை எல்லோரும் கவனிப்புப் பட்டியலில் சேருங்கள். இணைய இணைப்புகளை வேபேக் மெஷின் என்னும் இணையப் பக்கக் காப்பகத்தில் சேமித்து அந்த முகவரியையும் அடிக்குறிப்பில் தாருங்கள். ஆய்விதழ்களின் இணைப்புகள் தளம் மாறும்போது அறுந்துபோகும்.

பேச்சுப் பக்கத்தில் ஒரு பட்டியல் இடுங்கள்: தேடியும் கைக்குக் கிடைக்காத மதிப்புரைகள் (இதழின் பெயர், ஆண்டு, தொகுதி எண்ணோடு), படிக்காமல் விட்ட அத்தியாயங்கள், பக்க எண் சரிபார்க்கப்படாத அடிக்குறிப்புகள். கடைசி வகைக்குக் கட்டுரையிலேயே சான்று தேவை என்ற வார்ப்புருவை நீங்களே இட்டுவிடுங்கள். தில்லியிலோ மதுரையிலோ அந்த இதழ் உள்ள நூலகத்துக்குப் பக்கத்தில் இருக்கும் ஒருவர், அந்தப் பட்டியலைப் பார்த்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து எடுத்துச் செல்வார்.